அப்பாவின் பயத்துக்குக் காரணம் இருக்கிறது

கேள்வி: ஐயா, வணக்கம். பர்மாவின் பெகு நகரிலிருந்து எழுதுகிறேன். அப்பாவுக்கு 72 வயது. பருப்பு மண்டியில் நெடுங்காலம் கணக்கு எழுதியவர். தமிழ் நன்றாக வாசிப்பார், எழுதுவார். பர்மியம் சரளமாகப் பேசுவார், வாசிப்பது மெதுவாகத்தான். ஆங்கிலம் தெரியாது. மலேசியாவில் இருக்கும் அண்ணன் சென்ற வருடம் நல்ல போன் ஒன்று வாங்கிக் கொடுத்தான். வரும் அழைப்பை எடுப்பதைத் தவிர வேறு எதற்கும் அப்பா அதைத் தொடுவதில்லை. நானும் என் மகனும் பலமுறை சொல்லிக் கொடுத்தோம்; மறுநாளே மறந்துவிடுகிறார். ஒருநாள் அவர் எதையோ தொட்டு எழுத்தெல்லாம் மாறிப்போக, மகன் சத்தம் போட்டுவிட்டான். அன்றிலிருந்து போன் அலமாரியில்தான் இருக்கிறது. பணம் அனுப்பும் செயலியைப் பற்றிப் பேச்செடுத்தாலே, "காசு கையில் இருந்தால்தான் காசு" என்கிறார். இந்த வயதில் இதெல்லாம் வருமா? அல்லது அவரைத் தொந்தரவு செய்யாமல் எல்லாவற்றையும் நானே செய்துகொடுத்துவிடலாமா?

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

வரும். அதில் எனக்குச் சந்தேகம் இல்லை. ஆனால் நீங்கள் தொடங்கிய இடத்திலிருந்து தொடங்கினால் வராது.

முதலில் அப்பா சொன்ன அந்தச் சொல்லை எடுத்துக்கொள்வோம்: "காசு கையில் இருந்தால்தான் காசு." இதைப் பிடிவாதம் என்று நினைத்து எழுதியிருக்கிறீர்கள். இன்று 72 வயது என்றால், 1964 மே மாதம் 50, 100 கியாட் நோட்டுகள் செல்லாது என்று அறிவிக்கப்பட்டபோது அவர் பத்துப் பதினொரு வயதுப் பையன். கடைகளும் மண்டிகளும் அரசுடைமையாகி, நம்மவர்கள் ஆயிரக்கணக்கில் வெறுங்கையுடன் கப்பல் ஏறிய காலம் அது. 1985 நவம்பரில் 50, 100 கியாட் நோட்டுகள் செல்லாமல் போயின. அதன்பின் புழக்கத்தில் இருந்த 25, 35, 75 கியாட் நோட்டுகள் 1987 செப்டம்பர் 5ஆம் தேதி செல்லாமல் போயின. அந்த முறை மாற்றிக்கொள்ளவும் வழி வைக்கவில்லை. அப்போது உங்கள் அப்பாவுக்கு முப்பது வயதைத் தாண்டியிருக்கும். குடும்பத்துக்கென்று சேர்க்கத் தொடங்கும் வயது. பிறகு 2003இல் தனியார் வங்கிகளின் வாசலில் கூட்டம் கூடியது. 2021இல் பணம் எடுக்கும் இயந்திரங்களுக்கு முன் விடியும் முன்பே மக்கள் வரிசையில் நின்றதை நீங்களே பார்த்திருப்பீர்கள். போனில் இருந்த பணத்தை ரொக்கமாக மாற்ற முகவர்கள் தனியாகக் கமிஷன் பிடித்த மாதங்களும் உண்டு.

இத்தனையையும் பார்த்த ஒருவரிடம், "எல்லாரும் வைத்திருக்கிறார்கள், நீங்கள் மட்டும் ஏன் பயப்படுகிறீர்கள்" என்று கேட்டால் என்ன நினைப்பார்? தான் அறுபது வருடம் பட்டுத் தெரிந்துகொண்டதை இவர்கள் ஒரு பொருட்டாகவே எண்ணவில்லை என்றுதான் நினைப்பார். ஆகவே அந்தச் சந்தேகத்தைப் போக்க முயலாதீர்கள். அது அவரிடமே இருக்கட்டும். போன் மோசடிக்காரர்களுக்குப் பிடிக்காத ஆள், எதையும் உடனே நம்பாத ஆள்தான். பாதிக் காவலை உங்கள் அப்பா ஏற்கெனவே கற்று வைத்திருக்கிறார்.

"மறுநாளே மறந்துவிடுகிறார்" என்ற குறைக்கு வருகிறேன். நம் நாட்டில் கைபேசி எப்படி வந்தது என்று கொஞ்சம் எண்ணிப் பாருங்கள். பத்துப் பதினைந்து வருடங்களுக்கு முன்புவரை ஒரு சிம் கார்டின் விலை லட்சக்கணக்கான கியாட். சாதாரணக் குடும்பங்கள் தெருவோரத்தில் மேசை போட்டு வைத்திருந்த தொலைபேசிக்குப் போய், நிமிடத்துக்கு இவ்வளவு என்று கொடுத்துப் பேசிவிட்டு வந்தன. 2013இல் குலுக்கல் முறையில் 1,500 கியாட்டுக்கு சிம் கொடுத்தார்கள். 2014இல் வெளிநாட்டு நிறுவனங்கள் வந்த பிறகுதான் அந்த விலையில் யாரும் கடையில் வாங்கலாம் என்ற நிலை வந்தது. அப்போது அப்பாவுக்கு அறுபது வயது ஆகிவிட்டது. மற்ற நாடுகளில் இவர் வயதுக்காரர்கள் அலுவலகத்தில் தட்டச்சு இயந்திரம், கணினி, பொத்தான் போன் என்று படிப்படியாகப் பழகி வந்தார்கள். இவருக்கு நடுவில் ஒரு படியும் கிடைக்கவில்லை. பேரேட்டிலிருந்து நேராகத் தொடுதிரைக்கு வரச் சொல்கிறோம்.

வயது ஏறினால் புதிய ஒன்று மனத்தில் பதிய நேரம் கூடுதலாக ஆகும். திரும்பத் திரும்பச் செய்யவும் வேண்டும். ஆனால் பதிந்தால் நிற்கும். ரங்கூனில் முதியவர்களுக்கு இதைச் சொல்லிக்கொடுப்பதே என் தொழில். அவர்கள் மறப்பதற்கு நான் காணும் காரணம் பெரும்பாலும் ஒன்றுதான்: போன் அவர்கள் கையில் இருப்பதே இல்லை. பேரன் வாங்குவான், "இதோ இப்படி, இப்படி, அவ்வளவுதான்" என்பான், திருப்பிக் கொடுப்பான். பார்த்தவருக்கு அவன் விரல் ஓடிய வேகம்தான் நினைவில் இருக்கும். இனி ஒரு விதி வைத்துக்கொள்ளுங்கள். பாடம் நடக்கும் நேரத்தில் உங்கள் விரல் அந்தத் திரையில் படக்கூடாது. தப்பாகத் தொட்டாலும் அவரே பின்னால் வரட்டும். பின்னால் வருவது எப்படி என்பதே முதல் பாடமாக இருக்கட்டும். எங்கே மாட்டிக்கொண்டாலும் வெளியே வர வழி தெரிந்துவிட்டால், எதையும் தொட்டுப் பார்க்கும் துணிவு தானாக வரும்.

ஒரு நாளைக்கு ஒரு காரியம் போதும். முந்தைய நாள் செய்ததை மறுநாள் அவர் உங்களுக்குச் செய்து காட்டிய பிறகே அடுத்தது. கணக்கு எழுதிய கை அல்லவா, அவருக்கு ஒரு நோட்டுப் புத்தகம் வாங்கிக் கொடுங்கள். ஒவ்வொரு படியையும் அவர் சொல்லில் அவரே எழுதட்டும். "ஊதா நிறப் படத்தைத் தொடு, பெரியவன் பெயரைத் தொடு" என்று எழுதினால் அதுதான் சரியான குறிப்பு. நீங்கள் அழகாக எழுதிக் கொடுக்கும் குறிப்பு அவருக்கு உதவாது.

இடையில் ஒன்று. போன் தவிர, சாப்பிட்ட மாத்திரையை மறந்து மீண்டும் சாப்பிடுவது, பழகிய தெருவில் வழி தடுமாறுவது போன்றவை இருந்தால் மருத்துவரிடம் காட்ட வேண்டும். நீங்கள் அப்படி எதுவும் எழுதவில்லை. போனை மட்டும் மறப்பது நோய் ஆகாது.

இனி அந்த எழுத்து மாறிப்போன நாள். திரை முழுவதும் வேறு மொழிக்கு மாறியதா, பர்மிய எழுத்து மட்டும் சிதறிப் புள்ளியும் சுழியுமாகத் தெரிந்ததா என்று மகனிடம் கேளுங்கள். பின்னது என்றால் அப்பாவின் விரல் ஒரு பாவமும் செய்யவில்லை என்று சொல்லலாம். பர்மிய எழுத்தைக் கணினியில் வைக்க நெடுங்காலம் இரண்டு முறைகள் போட்டி போட்டன: சோஜி ஒன்று, யூனிகோட் மற்றொன்று. 2019 அக்டோபர் 1ஆம் தேதி நாடு அதிகாரபூர்வமாக யூனிகோடுக்கு மாறியது. ஆனாலும் பழைய போனிலிருந்து வரும் செய்தியோ பழைய பதிவோ இன்றும் சிதறித் தெரிவதுண்டு. தமிழ் போனுக்கு வந்தபோதே யூனிகோடில் வந்ததால் அதற்கு இந்தத் தொல்லை இல்லை. காரணம் எதுவானாலும், மகன் தாத்தாவிடம் போய் வருத்தம் தெரிவிக்க வேண்டும். இதை நான் சும்மா சொல்லவில்லை. பேரன் முன்னால் தலைகுனிந்த மனிதர், அதே பேரன் முன்னால் மறுபடி தடுமாற ஒப்புக்கொள்ள மாட்டார். அலமாரியில் போய் உட்கார்ந்தது போன் மட்டும் அல்ல.

பாடம் தொடங்கும் முன் போனை அவருக்கு ஏற்றதாக மாற்றுங்கள். கடையிலிருந்து வரும் போன் இருபது வயதுக்காரரின் கண்ணுக்கும் விரலுக்கும் அமைத்தது. அமைப்புகளுக்குள் போய் மொழியைத் தமிழாக்குங்கள். எழுத்தின் அளவைக் கூட்டுங்கள். அடுத்தது பலருக்கும் தெரியாதது: திரை தானாக அணையும் நேரம். பல போன்களில் அது முப்பது வினாடி. அப்பா கண்ணாடியைச் சரிசெய்து, ஒரு வரியை வாசித்து, அடுத்து எதைத் தொடுவது என்று யோசிப்பதற்குள் திரை இருண்டுவிடும். தான் எதையோ கெடுத்துவிட்டதாக அவர் நினைப்பார். அதை ஐந்து நிமிடமாக்குங்கள். அணுகல் வசதிகள் என்ற பகுதியில் தொட்டுப் பிடிக்கும் நேரத்தை நீட்டும் வசதி இருக்கிறது, அதையும் நீட்டிவிடுங்கள். முதியவர்கள் விரலை மெதுவாக எடுப்பார்கள். போன் அதை அழுத்திப் பிடித்ததாக எடுத்துக்கொண்டு வேறு எதையாவது திறந்துவிடும். விரல் நுனி வறண்டிருந்தால் திரை தொடுதலை உணராமலும் போகும். ஈரத்துணியில் விரலை ஒற்றிக்கொண்டு தொடச் சொல்லுங்கள். தேவையில்லாத செயலிகளை முகப்பிலிருந்து எடுத்துவிட்டு நாலைந்து படங்கள் மட்டும் வையுங்கள். அவை இருக்கும் இடத்தைப் பிறகு மாற்றவே கூடாது.

எதைச் சொல்லிக் கொடுப்பது? பணச் செயலியை ஒதுக்கி வையுங்கள். அவர் விரும்பும் ஒன்றிலிருந்து தொடங்க வேண்டும். அண்ணன் மலேசியாவில் இருக்கிறார் அல்லவா? வைபர் செயலியில் குரல் செய்தி அனுப்பச் சொல்லிக் கொடுங்கள். வாட்ஸ்அப் 2021 பிப்ரவரியிலிருந்து நம் நாட்டில் தடுக்கப்பட்டிருப்பதால், அண்ணனையே வைபருக்கு வரச் சொல்லுங்கள். அதற்காக அப்பாவின் போனில், தடையைத் தாண்ட உதவும் வி.பி.என். செயலியைப் போடாதீர்கள். 2025இல் நடைமுறைக்கு வந்த இணையப் பாதுகாப்புச் சட்டம் அனுமதியில்லாமல் வி.பி.என். சேவை நடத்துவதைக் குற்றமாக்கியிருக்கிறது. வழியில் போனை வாங்கிச் சோதித்தால் பதில் சொல்ல வேண்டியவர் அவர்தான். குரல் செய்தியில் எழுத்துக்கூட்ட வேண்டியதில்லை. பொத்தானை அழுத்திப் பிடித்துப் பேசிவிட்டு விரலை எடுத்தால் போய்விடும். மின்சாரம் இல்லாத நேரத்தில் வந்த செய்தியும் காத்திருக்கும். அண்ணன் வேலை முடிந்து இரவில் பதில் சொல்வார். அப்பா காலையில் எழுந்ததும் கேட்பார். அழைப்பில் அவசரமாக "சாப்பிட்டாயா" என்று முடியும் பேச்சு, குரல் செய்தியில் நிதானமாக நீளும்.

அடுத்து வாசிப்பு. அப்பா தமிழ் வாசிப்பவர் என்று எழுதியிருக்கிறீர்களே, இதைவிடப் பெரிய முதல் வேண்டாம். தனியார் பள்ளிகள் அரசுடைமையான பிறகு கோயிலிலும் வீட்டிலும் காப்பாற்றிய தமிழ் அது. தமிழ்ப் புத்தகம் இங்கே கையில் கிடைப்பது எவ்வளவு அரிது என்று உங்களுக்குத் தெரியும். 1998 பொங்கலன்று தொடங்கிய மதுரைத் திட்டத்தின் தளத்தில் பழைய இலக்கியங்கள் ஏராளமாக இலவசமாகக் கிடைக்கின்றன. தமிழ்நாடு அரசு அமைத்த தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்நூலகத்திலும் பழைய நூல்கள் இருக்கின்றன. இணையம் நன்றாக இருக்கும் நேரத்தில் சிலவற்றை இறக்கிப் போனில் வைத்துவிடுங்கள். பிறகு இணையம் இல்லாவிட்டாலும் வாசிக்கலாம். கூகுள் விசைப்பலகையில் தமிழைச் சேர்த்துக் கையெழுத்து முறையையும் போட்டுவைத்தால், விரலால் திரையில் எழுதியே தேடலாம். ஒற்றெழுத்துக்குப் புள்ளி வைக்கத் தெரிந்த தலைமுறை; விசைகளைத் தேடுவதைவிட இது அவருக்கு எளிது. கணினி இப்போது வேண்டாம். போன் திரை சிறிது என்று அவரே குறைப்பட்டால் அன்று டேப்லெட்டை யோசிக்கலாம்.

இந்த இரண்டும் கைவந்த பிறகுதான் பணம். அதற்கு முன் ஒன்றைச் சரிபாருங்கள்: அந்த சிம் யார் பெயரில், எந்த அடையாள அட்டையில் பதிவாகியிருக்கிறது? நம் குடும்பங்களில் கையில் இருந்த யாரோ ஒருவரின் அட்டையைக் கொடுத்து சிம் வாங்குவது வழக்கமாக இருந்தது. முதியவர்கள் சிலரிடம் இன்னும் என்.ஆர்.சி. என்ற தேசிய அடையாள அட்டை இல்லை, வேறு வகை அட்டைதான் இருக்கிறது. சிம்மும் பணக் கணக்கும் வேறு வேறு பெயரில் இருந்தால், போன் தொலைந்த அன்று கணக்கை மீட்க அலைய வேண்டியிருக்கும். முதலில் அது அவர் பெயரில் இருக்கட்டும்.

கேபே என்று எல்லாரும் சொல்லும் கே.பி.இசட். பே ஆனாலும், வேவ் மணி ஆனாலும், பணச் செயலியின் திரை பர்மியத்திலோ ஆங்கிலத்திலோ இருக்கும். அவர் மெதுவாகத்தான் வாசிப்பார். பரவாயில்லை. ஏழெட்டுச் சொற்கள்தான் திரும்பத் திரும்ப வரும். அவற்றை நோட்டில் பர்மியத்தில் எழுதிப் பக்கத்தில் தமிழ்ப் பொருளை எழுதிக்கொள்ளட்டும். முதல் நாள் பணம் அனுப்பச் சொல்லாதீர்கள். பரிவர்த்தனைப் பட்டியலைத் திறந்து காட்டுங்கள். தேதி, யாருக்கு, எவ்வளவு, மீதி. மண்டியில் அவர் வாழ்நாள் முழுவதும் எழுதிய நாள்வழிக் குறிப்பேடு இதுதான். எழுதும் வேலையை மட்டும் போன் எடுத்துக்கொண்டது. நீங்கள் ஆயிரம் கியாட் அனுப்புங்கள். வரவில் ஏறியதா என்று அவரே பார்க்கட்டும். பிறகு அதைக் கடையில் ரொக்கமாக மாற்றிக் கையில் வாங்கட்டும். "கையில் வருமா" என்பதுதானே அவர் கேள்வி? வாயால் சமாதானம் சொல்லாதீர்கள், வருவதைக் காட்டுங்கள். எவ்வளவு கமிஷன் பிடித்தார்கள் என்பதையும் மறைக்காதீர்கள். கணக்குப்பிள்ளைக்கு அது எப்படியும் தெரிந்துவிடும்.

வீட்டில் ரொக்கம் வைப்பதை நிறுத்தச் சொல்லவும் வேண்டாம். இங்கே மின்சாரம் போகும், இணையம் போகும். அப்போது மருந்துக் கடைக்காரர் கேட்பது நோட்டைத்தான். போனில் ஒரு வாரச் செலவுக்குப் போதுமான தொகை மட்டும் இருக்கட்டும். மீதியை அவர் விருப்பப்படி வைத்துக்கொள்ளட்டும்.

மோசடியைப் பற்றி நீளமாக எச்சரித்துப் பயமுறுத்தாதீர்கள். ஒரே விதியை நோட்டின் முதல் பக்கத்தில் பெரிய எழுத்தில் எழுதச் சொல்லுங்கள்: நமக்குப் பணம் வர, 'பின்' என்ற ரகசிய எண்ணோ ஓ.டி.பி.யோ தேவையில்லை, அதை யார் கேட்டாலும் பணத்தை எடுக்கத்தான் கேட்கிறார்கள். பரிசு விழுந்தது, சிம் முடக்கப்படும், பேரன் விபத்தில் சிக்கினான் என்று எந்தக் கதை வந்தாலும் இந்த விதியில் அடிபடும். பதில் பேசாமல் அழைப்பை வைத்துவிட்டு, தெரிந்த எண்ணில் உங்களை அழைக்க வேண்டும். அதோடு இதையும் அவரிடம் சொல்லுங்கள்: மியாவாடிப் பக்கத்துத் தாய்லாந்து எல்லையில் பெரிய கட்டடங்களில் ஆட்களை வைத்து, நாள் முழுவதும் ஏமாற்றுவதையே தொழிலாக நடத்தினார்கள், படித்தவர்களும் பணக்காரர்களும் அவர்களிடம் விழுந்திருக்கிறார்கள். என்றாவது ஏமாந்துவிட்டால் அன்றே வீட்டில் சொல்ல வேண்டும், யாரும் கோபிக்க மாட்டார்கள் என்று வாக்குக் கொடுங்கள். உடனே சொன்னால் கணக்கை முடக்க நேரம் இருக்கும். வெட்கப்பட்டு மூன்று நாள் மறைத்தால் ஒன்றும் மிஞ்சாது. அந்த வாக்கை உங்கள் மகனும் கொடுக்க வேண்டும்.

எல்லாவற்றையும் நானே செய்துகொடுத்துவிடலாமா என்று கேட்டீர்கள். அன்பினால் கேட்கிறீர்கள் என்று தெரிகிறது. சிலவற்றைச் செய்துகொடுங்கள்: செயலிகளைப் புதுப்பிப்பது, டேட்டா போடுவது, இடத்தை அடைக்கும் படங்களை அழிப்பது. இவற்றை அவர் கற்க வேண்டிய அவசியம் இல்லை. ஆனால் அவருடைய பின் எண்ணை நீங்கள் வைத்துக்கொள்வதும், அவருக்கு வரும் செய்தியை நீங்கள் வாசித்துச் சொல்வதும் வேண்டாம். மகன் அனுப்பிய தொகை எவ்வளவு என்று மகளிடம் கேட்டுத் தெரிந்துகொள்ளும் நிலை, இத்தனை வருடம் அடுத்தவர் பணத்துக்கே கணக்குச் சொன்னவருக்கு வரக்கூடாது.

கற்றுக்கொடுப்பவர் நீங்களாகத்தான் இருக்க வேண்டும் என்றும் இல்லை. அவருடைய பழைய மண்டி நண்பர்களில், கோயிலில் சந்திப்பவர்களில், போன் நன்றாகப் பழகிய ஒருவர் இருப்பார். தேநீர்க் கடையில் அவரோடு உட்காரும் அரை மணி நேரத்தில் நடப்பது வீட்டில் ஒரு வாரத்தில் நடக்காது. ஒத்த வயதுக்காரரிடம் கேட்க வெட்கம் இல்லை, அவர் சொல்லும் வேகமும் ஒத்துவரும்.

இவ்வளவுக்கும் பிறகு, "செய்தியும் புத்தகமும் போதும், பணம் மட்டும் வேண்டாம்" என்று அப்பா சொன்னால் அதை ஏற்றுக்கொள்ளுங்கள். மாதத் தொகையை ரொக்கமாகவே எண்ணிக் கொடுங்கள். அண்ணனிடமும் இதை இப்போதே சொல்லிவையுங்கள். தான் வாங்கிக் கொடுத்த போன் வீணாகிறது என்ற மனக்குறையில் அவர் அப்பாவை அவசரப்படுத்தக் கூடாது.